பத்து கோடி டன் களிமண்

2017 நவம்பர். கயானாவில் எனக்கு அது இரண்டாம் நாள். உடம்புக்கு இரவு பகல் பிடிபடவில்லை. மூன்று மணிக்கே விழிப்பு வந்துவிட்டது. வெளுக்கும்வரை புரண்டு கிடந்துவிட்டுக் கடல் பக்கம் நடந்தேன். ஊர் முடிகிற இடத்தில் நீளமாக ஒரு மண்கரை. கரைக்கு அந்தப் பக்கம் கடல், இந்தப் பக்கம் கால்வாய். இரண்டும் சேருமிடத்தில் இரண்டு உயரமான தூண்கள். உச்சியில் குறுக்காக ஓர் உருளை. அதிலிருந்து துருப்பிடித்த சங்கிலி இறங்கி, கனமான மரக்கதவு ஒன்றைப் பிடித்துக்கொண்டிருந்தது.

நான் தலைஞாயிறு பக்கத்துக்காரன். காவிரியின் கடைமடை. பாசன வாய்க்காலையும் வடிகாலையும் பார்த்தே வளர்ந்தவனுக்கு அது மதகு என்று யாரும் சொல்லவேண்டியதில்லை. ஆனால் கதவு மாட்டியிருந்த விதம் குழப்பியது. எங்கள் ஊரில் மதகு ஆற்றுத் தண்ணீரைத் தேக்கும், அல்லது பிரித்துவிடும். இங்கே கதவுக்கு வெளியே இருந்த கடல், உள்ளே இருந்த கால்வாயைவிட உயரத்தில் நின்றது. ஊர் கீழே, கடல் மேலே.

அதை அங்கே கோக்கர் என்கிறார்கள். டச்சுக்காரர்கள் விட்டுப்போன சொல். அவர்கள் நாட்டைவிட்டுப் போய் இருநூறு வருஷத்துக்கு மேல் ஆகியும் கோக்கர் என்ற சொல்லும், படகுத்துறைக்கு 'ஸ்டெல்லிங்' என்ற சொல்லும் வாயைவிட்டுப் போகவில்லை. கதவைத் தூக்கி இறக்குபவர் ஆப்பிரிக்க வம்சாவளியைச் சேர்ந்த பெரியவர், அறுபதைத் தாண்டியிருப்பார். கரையோரம் தகரக்கூரை போட்ட சின்ன அறை. சுவரில் ஓத அட்டவணை. கடல் வற்றும்போது கதவைத் தூக்குவார். கால்வாயில் சேர்ந்திருக்கும் மழைத்தண்ணீர் கடலுக்கு ஓடும். கடல் ஏறத் தொடங்குவதற்கு முன்னால் இறக்கிவிடுவார். ஒரு நாளில் கடல் இரண்டு தடவை ஏறி இரண்டு தடவை இறங்கும். அதனால் அவருக்கு ராத்திரி தூக்கம் என்று தனியாகக் கிடையாது. எங்கள் ஊரில் இந்த வேலைக்கு லஸ்கர் என்று பெயர், இதே மாதிரி ஷட்டருக்குப் பக்கத்திலேயே குடியிருப்பார் என்று சொன்னேன். அவருக்கு அப்படியொரு சந்தோஷம். "உங்கள் ஊரிலும் கடல் மேலேயா?" என்று கேட்டார்.

பெர்பீஸ் பகுதியில் ஓர் அரிசி ஆலையில் புழுங்கல் யூனிட் போட்டு, ஆட்களுக்கு ஓட்டப் பழக்கிவிட்டு வருவதுதான் எனக்குக் கொடுத்த வேலை. ஏழு மாதம் இருந்தேன். அந்த நாட்டைப் பற்றி ஒரு வாக்கியம் மட்டும் சொல் என்றால், அது மனிதர்கள் வெட்டிப் போட்ட மண் என்றுதான் சொல்வேன். மற்றதெல்லாம் அதற்குள் அடங்கிவிடும்.

தென்னமெரிக்காவின் வடகிழக்கு ஓரத்தில், வெனிசுவேலாவுக்கும் சூரிநாமுக்கும் நடுவில் இருக்கிறது கயானா. அந்தக் கண்டத்தில் ஆங்கிலம் ஆட்சிமொழியாக இருக்கும் ஒரே நாடு. மக்கள்தொகை ஒன்பது லட்சத்தைத் தொடவில்லை. உள்ளே போகப் போகக் காடு, மலை, புல்வெளி. பொட்டாரோ ஆற்றில் 226 மீட்டர் உயரத்திலிருந்து ஒரே வீழ்ச்சியாக விழும் கையட்டூர் அருவியும் அங்கேதான். மக்குஷி, வாப்பிஷானா, அக்கவாயோ, லொகோனோ என்று ஒன்பது பூர்வகுடி இனத்தார் வாழ்கிறார்கள். ஆனால் பத்தில் ஒன்பது பேர் இருப்பது கடலோரம் ஒட்டிய ஒரு மெல்லிய பட்டையில். அந்தப் பட்டை, கடல் முழுக்க ஏறி நிற்கும்போது அதன் மட்டத்துக்குக் கீழே கிடக்கிறது.

டச்சுக்காரர்கள் எசெக்கிபோவில் 1616இல் குடியேறினார்கள், பெர்பீஸில் 1627இல், டெமராராவில் 1745இல். மூன்றும் ஆறுகளின் பெயர். மூன்று தனித்தனிக் காலனிகள். முதலில் கடலைவிட்டுத் தள்ளி, மேலாற்றுப் பக்கம் மேடான இடங்களில் பயிர் வைத்தார்கள். மண் சீக்கிரம் செத்துப்போனது. கடலோரம் கிடந்ததோ அமேசான் கொண்டுவந்து கொட்டும் சேறு, வளமான களிமண். அங்கே கடல் நீலமாக இருக்காது, குழைத்த சேற்றின் நிறத்தில் இருக்கும்; அதற்கும் காரணம் அமேசான்தான். ஆனால் அந்த வளமான நிலம் தண்ணீருக்குள் கிடந்தது. முத்துப்பேட்டை அலையாத்திக் காட்டை நினைத்துக்கொள்ளுங்கள். அதை வெட்டி, கரை கட்டி, தண்ணீரை இறைத்து, வயலாக்கவேண்டும். பதினெட்டாம் நூற்றாண்டில், கையில் மண்வெட்டியை மட்டும் வைத்துக்கொண்டு.

வெட்டியவர்கள் மேற்கு ஆப்பிரிக்காவிலிருந்து கப்பலில் கொண்டுவரப்பட்ட அடிமைகள். ஒவ்வொரு தோட்டமும் கடலிலிருந்து உள்ளே நீளும் ஒரு நீண்ட பட்டை. முன்னால் கடலைத் தடுக்கும் கரை, பின்னால் சதுப்புத் தண்ணீரைத் தடுக்கும் கரை, இரண்டு பக்கமும் பக்கக் கரை. உள்ளே இரண்டு வகைக் கால்வாய்: மேல்மட்டத்தில் பாசனத்துக்கும், கரும்பு ஏற்றிய படகு போவதற்கும் ஒன்று, கீழ்மட்டத்தில் வடிகால் ஒன்று. இரண்டும் எங்கேயும் கலக்கக்கூடாது. சர்க்கரைத் தொழிலை ஆராய 1948இல் வந்த வென் ஆணையம் இதையெல்லாம் கணக்குப் போட்டுப் பார்த்தது. ஒரு சதுர மைல் கரும்புக்கு 49 மைல் வடிகாலும் 16 மைல் மேல்மட்டக் கால்வாயும் வேண்டியிருந்தன. அந்தக் கரையோரம் முழுக்க அடிமைகள் வெட்டிப் புரட்டிய ஈரக் களிமண் குறைந்தது பத்து கோடி டன்.

இந்தக் கணக்கை முதன்முதலில் படித்த ராத்திரி எனக்குச் சரியாகத் தூக்கமில்லை. ஈரக் களிமண் வெட்டிப் பார்த்தவர்களுக்குத் தெரியும்: மண்வெட்டியில் ஒட்டினால் விடாது. ஒரு வெட்டு வெட்டி, உதறி, திரும்பக் காலை மாற்றி நிற்பதற்குள் மூச்சு வாங்கும். நூறு நாள் வேலையில் வாய்க்கால் தூர் எடுக்கும் எங்கள் ஊர்ப் பெண்கள் கோடையில், காய்ந்த மண்ணைத்தான் வெட்டுவார்கள். அதற்கே கை கொப்புளித்துவிடும். இங்கே இடுப்பளவுத் தண்ணீரில் நின்று, பின்னால் சாட்டையோடு ஒருவன் நிற்க, பத்து கோடி டன்.

1763 பிப்ரவரி 23 அன்று பெர்பீஸில் அடிமைகள் எழுந்தார்கள். தலைவர் கஃபி. ஏறக்குறைய முழுக் காலனியும் அவர்கள் கைக்கு வந்தது. அவர் டச்சு ஆளுநருக்குக் கடிதம் எழுதினார்: பெர்பீஸைப் பாதியாகப் பிரித்துக்கொள்வோம், நீங்கள் கடலோரத்தை வைத்துக்கொள்ளுங்கள், எங்களுக்கு மேலாற்றுப் பகுதி போதும். ஆளுநர் நாளைக் கடத்தினார், கப்பல்களில் படை வந்து சேர்ந்தது, எழுந்தவர்களுக்குள்ளும் பிளவு விழுந்தது, கஃபி தன் உயிரைத் தானே எடுத்துக்கொண்டார். ஓராண்டுக்கு மேல் நடந்த போராட்டம். 1970இல் கயானா குடியரசாகத் தன்னை அறிவிக்கத் தேர்ந்தெடுத்த நாளும் பிப்ரவரி 23தான். தலைநகர் ஜார்ஜ்டவுனில் கஃபிக்கு வெண்கலச் சிலை இருக்கிறது.

பிறகு பிரிட்டிஷ்காரர்கள் வந்தார்கள். 1814இல் ஒப்பந்தப்படி மூன்று காலனிகளும் அவர்களுக்குப் போயின. 1831இல் ஒன்றாக்கி பிரிட்டிஷ் கயானா என்று பெயர் வைத்தார்கள். கொரன்டைன் கடற்கரைச் சாலையில் போனால் அந்தக் காலத்துத் தோட்டங்களின் பெயர்களே இன்றும் ஊர்ப்பெயர்கள்: ஆல்பியன், ஃபைரிஷ், நிக், ஆல்னெஸ் என்று ஸ்காட்லாந்து வாடை அடிக்கும் பெயர்கள். சில ஊர்களுக்குப் பெயரே இல்லை, எண்தான். 'நான் 64ஆம் நம்பர் ஊர்' என்று ஒருவர் சொல்வதை முதலில் கேட்டபோது வீட்டு நம்பரைச் சொல்கிறார் என்று நினைத்தேன். டெமராரா பக்கம் சக்ஸஸ், பெட்டர் ஹோப் என்று முதலாளிகளின் கனவுகள் ஊர்ப்பெயராக நிற்கின்றன.

அந்த சக்ஸஸ் தோட்டத்தில்தான் 1823இல் அடுத்த பெரிய எழுச்சி தொடங்கியது. தோட்டத்தின் சொந்தக்காரர் ஜான் கிளாட்ஸ்டன். பின்னாளில் பிரிட்டனின் பிரதமரான வில்லியம் கிளாட்ஸ்டனின் தகப்பனார். கயானா மண்ணில் அவர் கால் பட்டதே இல்லை. அடிமைமுறையை ஒழித்தபோது பிரிட்டிஷ் அரசு நஷ்டஈடு கொடுத்தது, முதலாளிகளுக்கு. பல தோட்டங்களில் அவருக்குச் சொந்தமாக இருந்த 2,508 மனிதர்களுக்காக ஜான் கிளாட்ஸ்டனுக்குக் கிடைத்தது 1,06,769 பவுண்டு. அந்த 2,508 பேருக்கு ஒரு காசு கிடையாது.

அதற்குப் பிறகு விடுதலையான அடிமைகள் செய்தது இருக்கிறதே, அதை நான் எல்லாரிடமும் சொல்லிக்கொண்டிருக்கிறேன். 1838 ஆகஸ்டில் முழு விடுதலை. அடுத்த வருஷம், 1839 நவம்பரில், ஐந்து தோட்டங்களைச் சேர்ந்த 83 பேர் சேர்ந்து நார்த்புரூக் என்ற கைவிடப்பட்ட தோட்டத்தையே விலைக்கு வாங்கிவிட்டார்கள். பல வருஷமாகக் காய்கறி விற்றும், ஓய்வு நேரத்தில் உழைத்தும் சேர்த்த சில்லறைக் காசு. தள்ளுவண்டியில் வைத்து உருட்டிக்கொண்டு போய்க் கொடுத்தார்கள் என்று இன்றும் சொல்கிறார்கள். அந்த ஊருக்குப் பெயர் விக்டோரியா. அதைப் பார்த்து பக்ஸ்டன் முதலான ஊர்கள் வரிசையாக எழுந்தன.

ஆனால் கடைமடைக்காரனுக்கு அடுத்து என்ன வரும் என்று சொல்லவேண்டாம். நிலத்தை வாங்கலாம், வடிகாலை யார் பராமரிப்பது? ஒரு தோட்டத்தின் கரையும் கோக்கரும் கெட்டுப்போகாமல் இருக்க ஆண்டு முழுவதும் ஆள் வேண்டும், பணம் வேண்டும். பக்கத்துத் தோட்டத்து முதலாளி தன் உபரித் தண்ணீரை ஊர்ப் பக்கம் திறந்துவிட்டால் பயிர் போச்சு. அப்படி நடந்திருக்கிறது. வரியும் கூலிக்குறைப்பும் வேறு. தண்ணீர் யார் கையில் இருக்கிறதோ, நிலம் அவன் கையில்தான் என்பதை எங்கள் அப்பா பத்து வயதில் எனக்குச் சொல்லிக்கொடுத்தார். விக்டோரியாக்காரர்கள் அதைத் தங்கள் காசு கொடுத்துக் கற்றார்கள்.

விடுதலையானவர்கள் பழைய கூலிக்கு வரமாட்டார்கள் என்று பயந்து, முழு விடுதலைக்கு முன்பே முதலாளிகள் வேறு ஆள் தேடினார்கள். ஜான் கிளாட்ஸ்டனே கல்கத்தாவுக்குக் கடிதம் எழுதி ஆள் கேட்டார். 1838 மே 5 அன்று விட்பி, ஹெஸ்பரஸ் என்ற இரண்டு கப்பல்கள் 396 இந்தியர்களோடு வந்து சேர்ந்தன. 1917 வரை இப்படி வந்தவர்கள் சுமார் 2,39,000 பேர். ஐந்து வருஷ ஒப்பந்தம். அனுமதிச் சீட்டு இல்லாமல் தோட்டத்தை விட்டு வெளியே போனால் சிறை. வேலையில் குறை என்று முதலாளி சொன்னாலும் வழக்கு, சிறை. குடியிருக்கக் கொடுத்தது அடிமைகள் இருந்த அதே நீளக் கொட்டகைகள், 'லோஜி' என்பார்கள். குடிவரவுத் துறையில் கிராஸ்பி என்று ஓர் அதிகாரி, கூலிகளின் குறையைக் காதுகொடுத்துக் கேட்டவர். அவர் போன பிறகும் அந்த ஆபீசுக்கே 'கிராஸ்பி' என்ற பெயர் நின்றுவிட்டது. ஒரு மனிதன் நியாயமாக நடந்தால் சனங்கள் அவன் பெயரை எப்படி வைத்துக்கொள்கிறார்கள் பாருங்கள்.

பெரும்பாலோர் போஜ்புரி பேசும் வட இந்தியர்கள். சென்னைத் துறைமுகத்தில் ஏறியவர்கள் சுமார் 15,000 பேர். அதிலும் பெரும்பகுதி 1845க்கும் 1862க்கும் நடுவில். தமிழர், தெலுங்கர் எல்லாரையும் சேர்த்து 'மத்ராசி' என்றார்கள், இன்றும் அதே பெயர்தான். மொழி மூன்று தலைமுறைக்குள் போய்விட்டது. பெயர் போகவில்லை. 2015 முதல் 2020 வரை அந்த நாட்டின் பிரதமராக இருந்தவர் மோசஸ் நாகமுத்து. மேற்கிந்தியத் தீவுகள் அணிக்குச் சுழற்பந்து போட்டவர் வீராசாமி பெருமாள். அவர்கள் எழுதுவது 'நாகமூட்டூ', 'பெர்மால்' என்று படிக்கிற மாதிரியான எழுத்துக்கூட்டலில். எந்தத் தமிழனுக்கும் பார்த்த உடனே தெரிந்துவிடும்.

பெயரைத் தவிர மிஞ்சியது சாமி.

ஆலையில் என்னோடு வேலை பார்த்த பையன் ஒரு ஞாயிற்றுக்கிழமை காளிமாய் கோயிலுக்குக் கூட்டிப்போனான். தோட்ட வேலைக்கு ஞாயிறு ஒருநாள்தான் விடுமுறை என்பதால் வாரப் பூஜை ஞாயிற்றுக்கிழமைதான். மூன்று நாள் கவுச்சி சேர்க்காமல் வரவேண்டும் என்று முன்கூட்டியே சொல்லியிருந்தான். தகரக் கூரை, மஞ்சள் கொடிகள், வாசலில் வேப்பமரம். ஓரத்தில் காய்ந்த தென்னமட்டையைக் கொளுத்தி, அந்தத் தீயில் நாலு பேர் எதையோ காட்டிக் காட்டித் திருப்பிக்கொண்டிருந்தார்கள். கிட்டே போனால், தப்பு! தோலைக் காய்ச்சி இறுக்குகிறார்கள். அங்கேயும் பெயர் 'தப்பு'தான். விரலால் ஒரு தட்டுத் தட்டிப் பார்த்து, போதாது என்று திரும்பவும் தீயில் காட்டினான் ஒருவன். எங்கள் தெருமுனையில் மாசி மாதம் பார்க்கும் அதே கை அசைவு. உடுக்கை இருந்தது, கரகம் இருந்தது. சாமி வந்து ஆடுபவரை 'மார்லோ' என்றார்கள். மருளாளி என்ற சொல் தேய்ந்து தேய்ந்து அப்படி ஆகியிருக்கவேண்டும்.

பூசாரி, பாட்டு எழுதிய நோட்டைக் கொண்டுவந்து காட்டினார். தமிழ்ப் பாட்டு, ஆங்கில எழுத்தில், யாரோ கேட்டு எழுதி, அதைப் பார்த்து இன்னொருவர் எழுதி வந்தது. பத்துச் சொல்லுக்கு நாலு சொல் எனக்குப் பிடிபட்டது. தாயே, வேப்பிலை, மாரியம்மா, வா. மற்றவற்றைப் பாடச் சொல்லிக் கேட்டும் புரியவில்லை. அர்த்தம் சொல்லேன் என்று அவர் கேட்டார், தெரிந்ததைச் சொன்னேன். தெரியாத வரிகளுக்கு அவர் நோட்டின் ஓரத்தில் பென்சிலால் ஒரு புள்ளி வைத்துக்கொண்டார், அடுத்து யாராவது தமிழ் தெரிந்தவர் வந்தால் கேட்பதற்காக.

அம்மன் சன்னதியைச் சுற்றிச் சின்னச் சின்ன மேடைகள். மத்ராவீரன் என்றார்கள், மதுரைவீரன். சங்கானி என்றார்கள், சங்கிலிக்கருப்பன். காட்டேரி, முனீஸ்வரன். கடைசியில் வெள்ளைத் துணி சாத்திய ஒரு மேடை. இது யார் என்றேன். "நாகூரா பாபா. முஸ்லிம் சாமி. கப்பலில் எங்களைக் காப்பாற்றிக் கொண்டுவந்தவர்."

நாகூர் எங்கள் வீட்டிலிருந்து பஸ்ஸில் ஒன்றரை மணி நேரம். கடலில் போகிறவர்கள் நாகூர் ஆண்டவருக்கு நேர்ந்துகொள்வது எங்கள் பக்கத்து வழக்கம். எங்கள் பாட்டி உயிரோடு இருந்தவரை கந்தூரிக்குப் போகாமல் இருந்ததில்லை. அந்த மேடைக்கு முன்னால் நான் எவ்வளவு நேரம் நின்றேன் என்று தெரியாது. பையன் வந்து தோளைத் தொட்டான்.

அந்த டிசம்பரில்தான் பெர்பீஸில் சர்க்கரை ஆலைகள் மூடப்பட்டன. பிரிட்டிஷ் காலத்தில் கரும்பில் பெரும்பகுதி புக்கர்ஸ் என்ற ஒரே கம்பெனியின் கையில் இருந்தது. பிரிட்டிஷ் கயானாவை 'புக்கர்ஸ் கயானா' என்றே சொல்வார்களாம். நாவலுக்குக் கொடுக்கும் புக்கர் பரிசு 1969இல் தொடங்கியது அந்தக் கம்பெனியின் பணத்தில்தான். 1976இல் அரசுடைமை. 1970களின் தொடக்கத்தில் ஆண்டுக்கு மூன்று லட்சம் டன்னுக்கு மேல் சர்க்கரை எடுத்த நாடு, 2018இல் ஒரு லட்சத்தை ஒட்டி நின்றது. ஐரோப்பிய ஒன்றியம் 2006இலிருந்து கொள்முதல் விலையை 36 சதவீதம் குறைத்தது ஒரு பெரிய அடி. ஸ்கெல்டனில் பெரும் செலவில் கட்டி 2009இல் திறந்த புது ஆலை சரியாக ஓடவே இல்லை. 2016இல் வேல்ஸ் ஆலை மூடப்பட்டது, 2017 முடிவில் ஸ்கெல்டன், ரோஸ்ஹால், என்மோர். சுமார் 7,000 பேருக்கு வேலை போனது.

என்மோர் என்றால் அங்கே வெறும் ஆலையின் பெயரில்லை. 1948 ஜூன் 16 அன்று வேலைநிறுத்தம் செய்த தொழிலாளர்கள் ஐந்து பேரை போலீஸ் சுட்டுக் கொன்ற இடம். போர்ட் மௌரன்ட் தோட்டத்தில் பிறந்து, அமெரிக்காவில் பல்மருத்துவம் படித்துத் திரும்பிய செட்டி ஜகன் என்ற இளைஞர் அந்தச் சாவுக்குப் பிறகு தன் வாழ்நாளை இதற்கே கொடுத்தார். அவரும் ஃபோர்ப்ஸ் பர்ன்ஹாம் என்ற ஆப்பிரிக்க வம்சாவளி வழக்கறிஞரும் ஒரே கட்சியில் நின்று 1953 தேர்தலில் 24 இடங்களில் 18ஐப் பிடித்தார்கள். 133 நாள். அதற்குள் கம்யூனிசப் பயம் காட்டி பிரிட்டன் படையை அனுப்பி அரசியல் சட்டத்தையே நிறுத்திவைத்தது. 1955இல் கட்சி உடைந்தது. உடைந்த இரண்டு துண்டும் மெல்ல மெல்ல இந்தியர் கட்சி, ஆப்பிரிக்கர் கட்சி என்று ஆகிவிட்டன. 1962 முதல் 1964 வரை கலவரம், தீவைப்பு, கொலை. அமெரிக்க உளவுத்துறையின் கை அதில் இருந்தது பின்னாளில் வெளிவந்த ஆவணங்களில் இருக்கிறது. 1966 மே 26இல் விடுதலை கிடைத்தபோது பர்ன்ஹாம் பிரதமர்.

கோக்கர் பெரியவரின் முன்னோர் வெட்டிய கால்வாயை, என் வீட்டுக்கார அம்மாவின் முன்னோர் தூர் எடுத்தார்கள். ஒரே கால்வாய், ஒரே சவுக்கு. அந்த இரண்டு கூட்டத்தையும் ஓட்டுச்சீட்டில் எதிரெதிரே நிறுத்தியது அந்த நாட்டுக்கு நேர்ந்த ஆகப் பெரிய கொடுமை என்று நான் நினைக்கிறேன். இரு பக்கத்தையும் சேர்த்து நிற்க வைக்கப் பார்த்த வரலாற்றாசிரியர் வால்டர் ராட்னியை 1980 ஜூன் 13 அன்று காரில் இருந்தபோது குண்டு வெடிக்கச் செய்து கொன்றார்கள்.

நான் குடியிருந்த வீட்டு அம்மாவை ஊரே ஆன்ட்டி என்றது, நானும் அப்படியே கூப்பிட்டேன். என்னை பேட்டா என்பார். கால் வைத்த வீடு; வெள்ளத்துக்குப் பயந்து தூண்மேல் கட்டுவது அங்கே வழக்கம். தூண்களுக்கு நடுவில் இருக்கும் திறந்த இடத்துக்கு 'பாட்டம் ஹவுஸ்' என்று பெயர். சமையல், ஊஞ்சல்தொட்டில், அரட்டை, கல்யாணம் எல்லாம் அங்கேதான். விசேஷ வீட்டில் தாமரை மாதிரி வட்ட நீர்க்கொடி இலையில் ஏழு கறி போடுவார்கள், மாங்காய், பூசணி, கீரை, கொண்டைக்கடலை என்று. கையால் பிசைந்து சாப்பிடவேண்டும்.

ஒரு மழைநாளில் ஆன்ட்டி ரொட்டி தேய்த்துக்கொண்டே மாவுக்கதை சொன்னார். அந்நியச் செலாவணி இல்லை என்று 1982இல் பர்ன்ஹாம் அரசு கோதுமை மாவுக்கும் பருப்புக்கும் உருளைக்கிழங்குக்கும் தடை போட்டது. அரிசி மாவு தின்னுங்கள் என்றார்கள். ரொட்டியும் தால்பூரியும் இல்லாமல் கல்யாணமோ கருமாதியோ எப்படிச் செய்வது? கொரன்டைன் ஆற்றுக்கு அக்கரை சூரிநாம். படகில் கள்ளத்தனமாகப் போய்வரும் வழிக்கு 'பேக்ட்ராக்' என்று பெயர். இவருடைய அம்மா பாவாடைக்குள் மாவுப்பை தைத்துக்கொண்டு போய்வந்திருக்கிறார். கதவு ஜன்னலை மூடிக்கொண்டு ராத்திரியில்தான் ரொட்டி சுடுவார்கள், வாசனை வெளியே போகாமல் இருக்க. சொல்லிக்கொண்டே வந்தவர், தேய்ப்பதை நிறுத்திவிட்டு, கையில் ஒட்டியிருந்த மாவை ஒரு துகள் விடாமல் வழித்துத் தட்டில் போட்டார்.

அந்த வருஷங்களில்தான் சனங்கள் நாட்டைவிட்டுக் கூட்டம் கூட்டமாகப் போனார்கள். நியூயார்க்கின் ரிச்மண்ட் ஹில், கனடாவின் டொராண்டோ. ஆன்ட்டியின் நான்கு பிள்ளைகளில் மூன்று பேர் அங்கே. தெருவில் பாதி வீடு பூட்டிக் கிடந்தது.

2005 ஜனவரியில் வந்த பெருவெள்ளத்தைப் பற்றி கோக்கர் பெரியவர் சொன்னார். டெமராரா பக்கம் மழை கொட்டி, பின்கரை நீர்த்தேக்கம் தளும்பி, நாட்டில் மூன்றில் ஒருவருக்கு மேல் வெள்ளத்தில் சிக்கினார்கள். கோக்கரைத் திறக்கலாம் என்றால் கடல் வற்றினால்தானே? ஏறி நிற்கும் கடலையும் உள்ளே ஏறும் தண்ணீரையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டு நிற்கவேண்டியதுதான். அதற்கு மூன்று வாரம் முன்னால் எங்கள் பக்கம் சுனாமி வந்ததைச் சொன்னேன். வெள்ளப்பள்ளத்தில் என் அத்தை வீடு இருந்த இடத்தைச் சொன்னேன். அவர் எழுந்து அறைக்குள் போய் இரண்டு கோப்பை டீ போட்டுக் கொண்டுவந்தார். கதவைத் தூக்கும் நேரம் வரும்வரை இருவரும் ஒன்றும் பேசவில்லை.

இப்போது கயானா என்று யாரிடம் சொன்னாலும் எண்ணெயா என்கிறார்கள். 2015இல் எக்ஸான்மொபில் என்ற அமெரிக்கக் கம்பெனி கரையிலிருந்து 190 கிலோமீட்டர் தொலைவில் கடலுக்கடியில் எண்ணெய் கண்டது. 2019 டிசம்பரில் எடுக்கத் தொடங்கியது. இதுவரை கண்டது 1,100 கோடி பீப்பாய்க்கு மேல். 2022இல் நாட்டின் பொருளாதாரம் ஒரே வருஷத்தில் 60 சதவீதத்துக்கு மேல் வளர்ந்தது. ஆனால் 2016இல் போட்ட ஒப்பந்தத்தைப் படித்தால் வயிறு எரியும். எடுக்கும் எண்ணெயில் 75 சதவீதம் வரை கம்பெனி தன் செலவுக்கு எடுத்துக்கொள்ளலாம். மிச்சத்தில் பாதி நாட்டுக்கு. அதாவது 12.5 சதவீதம், மேலே 2 சதவீதம் ராயல்டி. உலகத்திலேயே விலை உயர்ந்த தபால்தலைகளில் ஒன்று பிரிட்டிஷ் கயானா 1856இல் அச்சிட்ட ஒரு சென்ட் தலை. அதில் ஒரு கப்பலும், 'கொடுக்கிறோம், பதிலுக்குக் கேட்கிறோம்' என்ற லத்தீன் வாசகமும் இருக்கும். ஒப்பந்தத்தைப் படித்தபோது அந்தக் கப்பல்தான் கண்முன் நின்றது. அந்த வாசகத்தின் முதல் பாதியை அந்த மண் எப்போதோ நிறைவேற்றிவிட்டது.

எண்ணெய் கிடைத்ததும் எசெக்கிபோ எங்களுடையது என்ற வெனிசுவேலாவின் பழைய உரிமைப் பேச்சும் பலமாகிவிட்டது. 1899 தீர்ப்பில் முடிந்த எல்லை. நாட்டின் மூன்றில் இரண்டு பங்கு நிலம். 2023 டிசம்பரில் வெனிசுவேலா இதற்காக வாக்கெடுப்பே நடத்தியது. வழக்கு சர்வதேச நீதிமன்றத்தில் இருக்கிறது.

நான் பழக்கிவிட்ட பையன்களில் இரண்டு பேர் இப்போது எண்ணெய்க் கப்பல்களுக்குச் சாமான் ஏற்றும் துறையில் வேலை பார்க்கிறார்கள். என்னைக் கோயிலுக்குக் கூட்டிப்போனவன் அவர்களில் ஒருவன். ஆலையில் பாய்லருக்கு ஆள் கிடைக்கவில்லையாம்.

எண்ணெய்ப் பணத்தில் வயதுவந்த ஒவ்வொருவருக்கும் ஒரு லட்சம் கயானா டாலர் கொடுப்பதாக அரசு 2024இல் அறிவித்தது. அமெரிக்க டாலரில் ஐந்நூறுக்குக் கொஞ்சம் குறைவு. ஆன்ட்டிக்கும் வந்தது. போனில் கேட்டேன், என்ன வாங்கினீர்கள் என்று. மண் வாங்கினேன் என்றார். போன மழைக்குப் பாட்டம் ஹவுஸில் கணுக்கால் அளவு தண்ணீர் நின்றதாம். லாரியில் களிமண் வரவழைத்து முற்றத்தைத் தூக்கியிருக்கிறார். இரண்டு ஆள் வைத்து இரண்டு நாள் வெட்டிப் பரப்பினார்களாம். "இன்னும் நாலு லோடு போட்டால் சரியாக இருக்கும் பேட்டா" என்றார்.